கன்னிவுட்: இது எந்த ஊர் வுட்டு?

கன்னிவுட்னதும் கன்னிப்பொண்ணு ஞாபகம் வந்தா, அதுக்கும் இதுக்கும் சம்பந்தமே இல்ல. வடக்கு நைஜீரியால கானோன்னு ஒரு பெரிய ஊரு, அந்தப் பேரோட தலையையும் ஹாலிவுட்டோட வாலையும் ஒட்டுனா கன்னிவுட், அந்தப் பக்கத்து ஜனங்க பேசற ஹவுசா மொழிப் படங்களுக்கான பேரு. நம்ம கோடம்பாக்கம் கோலிவுட் ஆச்சே, அதே கதைதான்.

1999ல சுனுசி ஷெஹுங்கற உள்ளூர் பத்திரிகைக்காரர் வெச்ச பேரு இது. தெற்கு நைஜீரியால லாகோஸ் நகரத்தை மையமா வெச்சு நடக்கற படத்தொழிலுக்கு நாலிவுட்னு பேரு, அந்தப் பேரு 2002ல நியூயார்க் டைம்ஸ் கட்டுரை மூலமா வந்துதுன்னு சொல்வாங்க, அதாவது லாகோஸ்காரங்களுக்கு வெளிநாட்டு பேப்பர் பேர் வெச்சுது, கானோக்காரங்க தாங்களே வெச்சுக்கிட்டாங்க, ஆனா வால் மட்டும் ரெண்டு பேருக்கும் கடன்தான்.

பேர் அமெரிக்கா, சரக்கு பாதி பம்பாய். லெபனான் வியாபாரிங்க இறக்குன இந்திப் படங்களை கானோ தியேட்டர்ல பல வருஷம் பார்த்து வளர்ந்த ஜனங்க. முக்காடு போட்ட பொண்ணு, பெரியவங்க பேச்சைத் தட்டமுடியாத பையன், வீட்ல பார்த்த மாப்பிள்ளையா மனசுக்குப் புடிச்சவனான்னு இழுபறி, இதெல்லாம் அமெரிக்கப் படத்தை விட அவங்க வீட்டுக்குப் பக்கத்துல இருந்துச்சு. அதனால கன்னிவுட் படத்துலயும் ஹீரோ ஒரு பக்கம் ஹீரோயின் ஒரு பக்கம் நின்னு, பெரும்பாலும் தொடாமலே ஆடுவாங்க, பின்னணில கீபோர்டு பாட்டு ஓடும். இதுக்கு அவங்க சொல்றது 'ராவா டா வாக்கா'. ராவான்னா ஆட்டம், வாக்கான்னா பாட்டு, நடுவுல இருக்கற டா நம்ம 'உம்' மாதிரி. ஆட்டமும் பாட்டும்! இதை விட நல்ல தமிழ் வேணுமா?

ஊருக்குள்ள இதுக்குத் திட்டும் உண்டு, இது நம்ம பண்பாடே இல்லன்னு. 2000ல ஷரியா சட்டம் வந்தப்ப கானோ அரசு படத்தொழிலையே கொஞ்ச நாள் நிறுத்தி, 2001ல தணிக்கை வாரியம் வெச்சுத்தான் திரும்ப விட்டுச்சு. வேடிக்கை என்னன்னா, அதே ஊர்ல பந்திரின்னு ஒரு தோல்வாத்தியத்தைத் தட்டிக்கிட்டு இந்திப்பட மெட்டுல நபிகள் புகழ் பாடறவங்களும் உண்டு, அதுல எங்க கோடு கிழிக்கறது?

சரி, தமிழ்ல என்ன எழுதலாம்? வுட்டை காடுன்னு மொழிபெயர்த்துடாதீங்க, கான்னாலும் காடுதான், அப்புறம் காட்டுக்காடு ஆயிடும். 'கானோ படவுலகம்'னும் ஒருத்தர் எழுதிப் பார்த்தேன், ஆனா கடுனா, ஜோஸ்னு மத்த ஊர்கள்லயும் கூட இந்தப் படங்களை எடுக்கறாங்களே. என் ஓட்டு ஹவுசா படவுலகத்துக்கு, மொத தடவை இப்படி எழுதிட்டு அப்புறம் கன்னிவுட்னே போட்டுக்கலாம்.