ஹெம்ப்: சணலா, சணப்பா, கஞ்சாவா?

ஆந்திரத்து நகரி, புத்தூர்ப் பக்கம் நெல் நடவுக்கு முன் ஜனுமு விதைப்பார்கள். விதைப் பையில் ஆங்கிலத்தில் 'சன் ஹெம்ப்' என்றிருக்கும். ஹெம்ப் வளர்க்க லைசென்ஸ் வேண்டும் என்று கேள்விப்பட்டவருக்கு அதைப் பார்த்ததும் பயம் வரும். பயப்பட ஒன்றுமில்லை. ஜனுமு நம்முடைய சணப்புதான். ஏக்கருக்குப் பத்துப் பன்னிரண்டு கிலோ தெளித்து, 45 நாள் வாக்கில் பூவெடுத்ததும் மடக்கி உழுகிற பசுந்தாள் உரம். உரிமம் வேண்டாம்.

ஹெம்ப், கிரேக்கக் 'கன்னபிஸ்' சொல்லுக்கு உறவு. முதலில் கஞ்சாச் செடி ஒன்றையே குறித்தது. பிறகு நார் தரும் வேறு செடிகளுக்கும் ஆங்கிலத்தில் அந்தப் பெயர் ஒட்டிக்கொண்டது. புளிச்சைக்கு, அதாவது ஆந்திரத்துக் கோங்கூரா இனத்துக்கு, 'டெக்கான் ஹெம்ப்'. சன் ஹெம்பில் உள்ள 'சன்' சூரியன் அல்ல, வடமொழிச் 'சணம்'. நம் சணப்பும் சணலும் அதே வேரில் வந்தவை. ஆனால் இன்று சணல் என்றால் சாக்குத் தைக்கும் ஜூட்.

உரிமம் கேட்கிற ஹெம்ப் கஞ்சா இனச் செடி. 1985-ஆம் ஆண்டுப் போதைப்பொருள் சட்டம் அதற்குத் தனிப்பெயர் தரவில்லை; கன்னபிஸ் பேரினத்தில் எந்தச் செடியும் கஞ்சாச் செடியே. பூக்கும், காய்க்கும் நுனிதான் கஞ்சா. நுனி சேராத விதையும் இலையும் அந்த வரையறையில் வராது. நாருக்கும் விதைக்கும் பயிரிட 14-ஆம் பிரிவு வழிவிடுகிறது, அரசு அனுமதித்தால் மட்டும். அனுமதியின்றி வளர்த்தால் 20-ஆம் பிரிவில் பத்தாண்டு வரை சிறை. உத்தராகண்ட் 2018-இல் உரிமம் தந்தபோது போதைச்சத்தான டிஎச்சிக்கு வைத்த எல்லை 0.3 விழுக்காடு. அங்கே வாங்கிய உரிமம் ஆந்திரத்தில் செல்லாது. விதையை உணவாக விற்பது வேறு துறை: 2021-இல் உணவுப் பாதுகாப்பு ஆணையம் அனுமதித்தது, விதையில் டிஎச்சி கிலோவுக்கு 5 மில்லிகிராமுக்குள். அந்த உணவு அனுமதியைக் காட்டி வயலில் விதைக்க முடியாது.

ஆகவே நாருக்கும் விதைக்கும் வளர்க்கிற 'இண்டஸ்ட்ரியல் ஹெம்ப்'பைத் தமிழில் 'தொழிற்சணல்' என்று எழுதுவது தவறு. நார்க்கஞ்சா என்பதே பொருந்தும். சட்டம் பார்க்கிற செடியும் பெயரிலேயே தெரிகிறது. அதன் விதைக்கும் 'சணல் விதை' என்று பெயர் வைக்காதீர்கள். அந்தப் பெயரைச் சொல்லிக் கேட்டால் விதைக்கடையில் சணப்பு விதையை எடுத்துக் கொடுத்துவிடுவார்கள். சணப்பு கிலுகிலுப்பை இனம். அதன் விதையில் ஈரலைக் கெடுக்கும் நஞ்சு உண்டு, தின்னக் கூடாது.