டேப் சுற்றிய குச்சி

இருபத்தாறு வயதுப் பையன். ஞாயிறு காலை சர்ச், மாலையில் ராக் பேண்ட், முகூர்த்த நாட்களில் மெல்லிசைக் கச்சேரி என்று டிரம்ஸ் வாசிப்பவர். வலது கையில் சுண்டு விரலும் மோதிர விரலும் மரத்துப் போகின்றன என்று என்னிடம் பிசியோதெரபிக்கு வந்தார். பையிலிருந்து குச்சிகளை எடுத்து மேஜைமேல் வைத்தார். பேட்மிண்டன் மட்டைக்குப் போடுகிற கிரிப் டேப்பை மூன்று அடுக்காகச் சுற்றியிருந்தார்.

"வழுக்குதா?" என்றேன்.

"இல்ல மேடம். பிடிச்சிருக்கேனா இல்லையான்னே தெரிய மாட்டேங்குது. இப்படிச் சுத்திக்கிட்டா சமாளிச்சுடலாம்."

எனக்கு உடனே பிரிட்டிஷ் பாடகர் ஃபில் காலின்ஸ் ஞாபகம் வந்தார்.

காதல் பாட்டுப் பாடுகிறவர் என்றுதான் பலருக்கும் அவரைத் தெரியும். ஆனால் ஐந்து வயதில் பொம்மை டிரம் கையில் கிடைத்ததிலிருந்து அவர் டிரம்மர். அதுவும் இடதுகைக்காரர். 1970-ல் ஜெனிசிஸ் என்ற ராக் குழு டிரம்மர் தேடியபோது, தேர்வு அதன் பாடகர் பீட்டர் கேப்ரியலின் பெற்றோர் வீட்டில் நடந்தது. காலின்ஸ் சீக்கிரமே போய்விட்டார். காத்திருக்கும் நேரத்தில் நீச்சல் குளத்தில் இறங்கச் சொன்னார்கள். தனக்கு முன்னால் வந்தவர்கள் வாசிப்பது குளத்துக்குக் கேட்டது. முறை வருவதற்குள் பாட்டெல்லாம் மனப்பாடம்!

ஆள் எப்படிப்பட்டவர் என்பதற்கு இந்த ஒரு சம்பவம் போதும். 1975-ல் கேப்ரியல் விலகினார். புதுப் பாடகரைத் தேடித் தேடிப் பார்த்துவிட்டு, கடைசியில் இவரே பாடினார். அதே காலத்தில் பிராண்ட் எக்ஸ் என்ற ஜாஸ் ஃபியூஷன் குழுவிலும் வாசித்தார். இசைக்கலைஞர் பிரையன் ஈனோவின் ஒலிப்பதிவுகளுக்கு ஒரு கை, லெட் செப்பலின் ராக் குழு கலைந்த பிறகு அதன் பாடகர் ராபர்ட் பிளான்ட்டின் தனி ஆல்பங்களுக்கு இன்னொரு கை. 1985 ஜூலை 13 அன்று எத்தியோப்பியப் பஞ்ச நிவாரணத்துக்கு நடந்த லைவ் எய்டு கச்சேரிக்காக லண்டனில் வாசித்துவிட்டு, ஒலியைவிட வேகமாகப் பறக்கும் கான்கார்ட் விமானம் பிடித்து, அன்றே அமெரிக்காவின் ஃபிலடெல்ஃபியா மேடையிலும் ஏறினார். தொண்ணூறுகளில் பெரிய வாத்தியக் குழு வைத்து வாசிக்கும் பிக் பேண்ட் ஜாஸையும் விடவில்லை.

2000-ல் இடது காது திடீரென்று கேட்காமல் போனது. அதையும் தாண்டி வந்தார். (திடீர்க் காது அடைப்பைச் சளி என்று நினைத்துப் பத்து நாள் காத்திருக்காதீர்கள். அன்றே காது மருத்துவரிடம் ஓடுங்கள்.)

2007-ல் ஜெனிசிஸ் மறுபடி சேர்ந்து சுற்றுப்பயணம் போனபோதுதான் கழுத்து முதுகெலும்பில் கோளாறு வந்தது. 2009-ல் அறுவை சிகிச்சை நடந்தும் விரல்களில் உணர்ச்சி திரும்பவில்லை. அடுத்து வந்த, அமெரிக்காவின் மோடவுன் இசை நிறுவனத்துப் பழைய பாடல்களின் ஆல்பத்துக்குக் குச்சியைக் கையோடு டேப் போட்டு ஒட்டிக்கொண்டு வாசித்தார். ரசிகர்கள் இதை அர்ப்பணிப்பு என்பார்கள். எனக்கோ படித்ததும் வயிற்றைப் பிசைந்தது.

அவரைப் பரிசோதித்தவள் இல்லை நான். ஆனால் இந்த வகை ஆட்களை நன்றாகத் தெரியும். எந்தத் தாளத்துக்கும் வளைகிறவருக்குத் தன் உடம்பின் குறையையும் சுற்றி வளைத்து வாசிக்கத் தெரியும். விரல் ஓய்ந்தால் மணிக்கட்டு, மணிக்கட்டு ஓய்ந்தால் தோள். சுமாரான டிரம்மராக இருந்தால் முதல் மாதமே தாளம் பிசகி மாட்டிக்கொள்வார். கெட்டிக்காரரின் கோளாறு வெளியே தெரிய வருஷக்கணக்காகும்.

சரி, நம் பையனுக்கு வருவோம். வாசிக்கும்போது பக்கவாட்டிலிருந்து வீடியோ எடுத்து அனுப்பச் சொன்னேன். பார்த்தால், மூக்கு, முன்னால் இருக்கும் ஸ்நேர் டிரம்முக்கு நேர்மேலே நிற்கிறது. ஸ்டூல் தாழ்வாக இருக்கிறது, முழங்கால் இடுப்பைவிட உயரத்தில். தலை ஏறக்குறைய ஐந்து கிலோ. அது முன்னால் சாயச் சாயக் கழுத்து தாங்கவேண்டிய பாரம் கூடும். கைக்கு ஓடும் நரம்புகள் புறப்படுவது அங்கேதான். சுண்டு விரல் பக்கம் போகும் நரம்பு முழங்கையிலும் நசுங்கலாம் என்பதால் அதையும் பார்த்தேன். இவருக்கு முழங்கையில் ஒன்றுமில்லை, பிரச்சினை கழுத்தில்தான் என்று எம்ஆர்ஐயும் சொன்னது.

இடுப்பு முழங்காலைவிடச் சற்று மேலே வரும்படி ஸ்டூலை ஏற்றினோம். எட்டி அடிக்கவேண்டிய தூரத்தில் இருந்த சிம்பலை, அதாவது உலோகத் தட்டை, கிட்டே இழுத்தோம். "பெடல் வேற யாரோடதோ மாதிரி இருக்கு மேடம்" என்று புலம்பினார். இரண்டு வாரம் அப்படித்தான் இருக்கும் என்றேன். கழுத்துக்கும் தோள்பட்டைக்கும் பயிற்சி நடக்கிறது. டேப்பில் ஒரு அடுக்கு உரிந்திருக்கிறது. இன்னும் இரண்டு பாக்கி.

காலின்ஸ் டிரம்ஸுக்குத் திரும்பவில்லை. முதுகு, கால் என்று தொல்லைகள் கூடின. 2022 மார்ச்சில் லண்டனில் நடந்த ஜெனிசிஸின் கடைசிக் கச்சேரியில் உட்கார்ந்தபடி பாடினார். பின்னால் டிரம்ஸில் மகன் நிக்.

டிரம்ஸ் வாசிக்கிறவர்கள் ஒன்றைக் கவனியுங்கள். மரத்துப் போவது வாசித்து முடித்த அரை மணியில் சரியானால், ஸ்டூலிலிருந்து ஆரம்பித்துப் பார்க்கலாம். மறுநாளும் இருந்தால் காட்டிவிடுங்கள். சட்டைப் பொத்தான் போடக் கை தடுமாறுகிறது, டம்ளர் நழுவுகிறது, அப்புறம் நடையும் தள்ளாடுகிறது என்றால் என்னிடம் வரவேண்டாம். நேராக நரம்பியல் மருத்துவரிடம் போங்கள். அது தண்டுவடம் நசுங்குவதாக இருக்கலாம். கழுத்தில் கைவைக்க எந்த பிசியோவையும் மசாஜ்காரரையும் அதுவரை விடாதீர்கள்.