லாங் டேக்கும் லாங் ஷாட்டும் ஒண்ணு இல்லைங்க

தைவான் டைரக்டர் ஹோ ஷியாவ் ஷியென் பத்தி யாராச்சும் பேச ஆரம்பிச்சா ரெண்டாவது வரியிலயே லாங் டேக் வந்துடும், பாதிப் பேரு அதையே லாங் ஷாட்னு சொல்லிட்டுப் போயிடுவாங்க. லாங் ஷாட்ல இருக்கிற லாங் தூரத்தைக் குறிக்குது, ஆளு சின்னதா தெரிவாரு, சுத்தி இருக்கிற இடம் பெருசா தெரியும், தமிழ்ல சேய்மைக் காட்சி. லாங் டேக்ல இருக்கிறது நேரம். வெட்டு விழாம ஒரே ஷாட் ஓடிக்கிட்டே இருக்கிறது, அவ்ளோதான். சாய் மிங் லியாங்னு இன்னொரு தைவான் டைரக்டர் (பொறந்தது மலேசியாவுல கூச்சிங்) 1994ல எடுத்த படத்தோட கடைசியில ஒரு பொண்ணு பார்க் பெஞ்சுல உக்காந்து நிமிஷக்கணக்கா அழுவா, கேமரா கிட்டத்துலயேதான் இருக்கும், ஆனா அது அசல் லாங் டேக்.

குழப்பத்துக்கு ஒரு வகையில ஹோவே காரணம். 1989ல வெனிஸ் திரைப்பட விழாவோட பெரிய விருதான தங்கச் சிங்கம் வாங்கின 'எ சிட்டி ஆஃப் சேட்னஸ்'ல ரெண்டும் சேர்ந்தே வரும். 1947ல தைவான்ல அரசாங்கம் ஜனங்களைக் கொன்ன படுகொலைக் காலத்துக் கதை, ஆனா கேமரா ஓடிப்போய் எதையும் காட்டாது, தள்ளி நின்னு பாக்கும், அதே ஆஸ்பத்திரி வாசல் அதே கோணத்துல திரும்பத் திரும்ப வரும். அவர் படங்கள்ல நடிப்புப் பழக்கமே இல்லாத ஆளுங்க நிறைய, அவங்க மூஞ்சிக்கு நேரா கேமராவைக் கொண்டு போனா விறைச்சுப் போயிடுவாங்க, தள்ளி நின்னு ஓட விட்டா இயல்பா இருப்பாங்க.

பிரிச்சுப் பாக்கணும்னா 1998ல வந்த ஹோவோட 'ஃப்ளவர்ஸ் ஆஃப் ஷாங்காய்' பாருங்க. முழுக்க வீட்டுக்குள்ள, எண்ணெய் விளக்கு வெளிச்சம், சாப்பாட்டு மேசையைச் சுத்தி ஆளுங்க, ஒளிப்பதிவாளர் லீ பிங் பின்னோட கேமரா லேசா இந்தப் பக்கம் அந்தப் பக்கம் நகரும், அப்புறம் இருட்டாயிடும், அடுத்த ஷாட். மொத்தப் படத்துக்கும் நாப்பது ஷாட் கூட இல்ல! தூரமே கிடையாது, நேரம் மட்டும்தான். (எனக்கு முதல் தடவை தூக்கம் வந்துச்சு, ஒத்துக்கிறேன்.)

சொல்லுக்கு வருவோம். டேக் பழைய நார்ஸ் மொழியோட 'டாகா'வுல இருந்து இங்கிலீஷுக்குப் போனது, எடு, பிடின்னு அர்த்தம். ஷூட்டிங்ல டேக்னா ஒரு தடவை எடுக்கிறது, ஒரு ஷாட்டுக்குப் பத்து டேக் கூடப் போகும். சீனத்துல இதுக்குச் 'சாங் ஜிங்தோவ்', சாங்னா நீளம், ஜிங்தோவ்னா லென்ஸ், ஷாட் ரெண்டும்.

தமிழ்ல 'நீள் காட்சி'ன்னா சீன் நீளமா இருக்குன்னு தோணும், அதனால எனக்கு 'நீளெடுப்பு'தான் சரின்னு படுது. படம் 'எடுக்கிறோம்'னுதானே சொல்றோம். தமிழிசையில பல்லவிக்கு எடுப்புன்னு பேர் இருக்கே, குழம்பாதான்னு கேக்கலாம். 'நீள்' முன்னாடி நிக்கிறப்ப யாரும் பல்லவியை நினைக்க மாட்டாங்க.