ஆவணப்படம்: ஓலையும் காட்சியும்

‘டாக்குமெண்டரி’யைத் தமிழில் ‘ஆவணப்படம்’ என்கிறோம். இரண்டு சொற்களும் எங்கிருந்து வந்தன? லத்தீனில் ‘டோசெரே’ என்றால் கற்பித்தல். அதிலிருந்து பிறந்த ‘டாக்குமெண்டம்’ முதலில் பாடத்தையும் சான்றையும் குறித்தது. எழுதிய தாள் என்ற பொருள் அப்புறம் வந்தது. 1926-இல் ஸ்காட்லாந்துக்காரர் ஜான் கிரியர்சன், நியூயார்க் நாளிதழ் ஒன்றில் ஒரு படத்துக்கு ‘டாக்குமெண்டரி மதிப்பு’ உண்டு என்று எழுதினார். சினிமாவில் அந்தச் சொல் ஊன்றியது அங்கிருந்துதான்.

சரி, நம் ‘ஆவணம்’? சங்கப் பாட்டான நெடுநல்வாடையில் ‘மல்லல் ஆவணம்’ என்பது வளமான கடைத்தெரு. எழுத்துச் சான்று என்ற பொருளுக்குப் பெரியபுராணத்துக்குப் போக வேண்டும். புத்தூரில் சுந்தரருக்குக் கல்யாணம். முதியவர் ஒருவர் உள்ளே வந்து, ‘நீ எனக்கு அடிமை, இதோ ஓலை’ என்கிறார். சுந்தரர் அதைப் பிடுங்கிக் கிழித்துப் போடுகிறார். வழக்கு திருவெண்ணெய்நல்லூர் சபைக்குப் போகிறது. ஆட்சி, ஆவணம், அயலார் காட்சி, இந்த மூன்றில் ஒன்றைக் காட்டு என்கிறார்கள் சபையார். ஆட்சி என்றால் வழிவழி அனுபவம். காட்சி என்றால் கண்டவர் சாட்சியம். ‘கிழிந்தது படியோலை, மூல ஓலை என்னிடம் இருக்கிறது’ என்கிறார் முதியவர்.

ஆவணத்தையும் காட்சியையும் ஒன்றாகச் சபையில் வைப்பதுதான் ஆவணப்படம். இதைவிடப் பொருத்தமான பெயர் எனக்குத் தெரியவில்லை.

ஓர் எடுத்துக்காட்டு. மனிதக் கழிவை மனிதர் கையால் அள்ளுவதை 2013-ஆம் ஆண்டுச் சட்டம் தடை செய்கிறது. அப்படி யாரும் இங்கே இல்லை என்றுதான் அரசுக் காகிதங்கள் பலவும் சொல்லிவந்தன. 2017-இல் இயக்குநர் திவ்யபாரதி ‘கக்கூஸ்’ என்ற ஆவணப்படத்தோடு வந்தார். கையுறைகூட இல்லாமல் மலம் அள்ளுகிறவர்களைக் கேமரா கிட்டப் போய்ப் பார்க்கிறது. நமக்கு முகத்தைத் திருப்பிக்கொள்ளத் தோன்றும், கேமரா திருப்பிக்கொள்வதில்லை. திரையிடல்களைக் காவல்துறை தடுத்தது. படம் யூடியூபில் ஏறியது. படியைக் கிழித்தாலும் மூல ஓலை இருக்கிறதே! ஒரு வேறுபாடு உண்டு: திருவெண்ணெய்நல்லூர் ஓலை ஒருவரை அடிமை என்று நிறுவியது. இந்த ஓலை, அடிமைத்தனம் இன்னும் ஒழியவில்லை என்று நிறுவுகிறது.

‘செய்திப்படம்’ என்றும் சிலர் எழுதுகிறார்கள். அது முன்பு தியேட்டரில் படத்துக்கு முன்னால் ஓடிய நியூஸ்ரீலுக்கு உரிய பெயர். ‘விவரணப்படம்’ நல்ல சொல். பறவைகளையோ கோயிலையோ விவரிக்கும் படத்துக்குத் தாராளமாகச் சொல்லலாம். வழக்காட வரும் படத்துக்கு ‘ஆவணப்படம்’ என்றே எழுதுங்கள், இடைவெளி விடாமல் ஒரே சொல்லாக.