இரத்தப் பையில் இனம் எழுதுவதில்லை

இரத்த வங்கி ஜன்னலில் வந்து நிற்கிறவர்கள் பெரும்பாலும் இரண்டே கேள்விதான் கேட்பார்கள். இரத்தம் இருக்கிறதா, எவ்வளவு நேரமாகும். அந்தப் பையன் மூன்றாவதாக ஒன்றைக் கேட்டான்.

"மிஸ், எங்க அம்மாவுக்கு எங்க ஆளுங்க ரத்தமா பாத்துக் குடுங்க மிஸ். லயத்துலேர்ந்து ஆறு பேரு வந்திருக்கோம். உள்ள இருக்கிறது யாரோடதுன்னே தெரியாதே."

மழையில் நனைந்த ஸ்வெட்டரோடு நின்றான். தேயிலைத் தோட்டத்து லயத்திலிருந்து, அந்த வரிசை வீடுகளிலிருந்து, வேன் பிடித்து, வேலைக்குப் பேர் போடாமல், அன்றைய கூலியை விட்டு ஆறு பேர் வந்திருக்கிறார்கள் என்றால் அது சின்ன விஷயமில்லை. கோபிக்க மனம் வரவில்லை. வேறு மொழி பேசுகிற வீட்டாரும் இதே கேள்வியைக் கொஞ்சம் நாசூக்காக என்னிடம் கேட்டிருக்கிறார்கள். இருபது வருடத்துக்கு மேலாக இலங்கையின் மலையக ஆஸ்பத்திரிகளில் ஆய்வுகூடத் தொழில்நுட்பவியலாளராக இருக்கிறேன். எம்.எல்.டி. என்றால்தான் ஊரில் புரியும். கேள்வி எனக்குப் பழகிப்போனது.

ஒரு பையை எடுத்துவந்து கண்ணாடிக்கு இந்தப் பக்கமிருந்து காட்டினேன். "வாசித்துப் பாருங்கள் தம்பி." இரத்த வகை, ஆர்.எச். பொசிட்டிவா நெகட்டிவா, இலக்கம், எடுத்த திகதி, காலாவதித் திகதி. அவ்வளவுதான். இனத்துக்கென்று ஒரு கட்டம் அதில் இல்லை. அதைத் தெரிந்துகொண்டு நாங்கள் செய்யப்போவதும் எதுவுமில்லை. நோயாளியின் இரத்தத்தையும் பையின் இரத்தத்தையும் சேர்த்துப் பார்க்கும் குரொஸ் மெட்ச் சோதனையில் ஒத்துவந்தால் கொடுப்போம், வராவிட்டால் அடுத்த பை.

இன்னொன்றையும் சொன்னேன், அதைத்தான் அவன் நம்பவே இல்லை. நெருங்கிய சொந்தத்தின் இரத்தம் சில நேரம் ஆபத்து. லயத்திலிருந்து ஆறு பேர் என்றால் அதில் நாலு பேராவது மாமன், மச்சான், சித்தப்பா மகனாக இருப்பார்கள். கொடுத்த இரத்தத்தில் வெள்ளணுக்களும் கொஞ்சம் போகும். அந்நியருடையது என்றால் நோயாளியின் உடம்பு அவற்றை அடையாளம் கண்டு அழித்துவிடும். சொந்தக்காரருடையது தன்னுடையதைப் போலவே இருந்தால், உடம்பு ஏமாந்து உள்ளே விட்டுவிடும். வந்த அணுக்கள் பெருகி நோயாளியின் தோலையும் ஈரலையும் எலும்பு மச்சையையும் தாக்கும். இது மிக அரிது. ஆனால் வந்தால் பிழைப்பவர்கள் இல்லையென்றே சொல்லலாம். அதனால்தான் உறவினர் இரத்தத்தைக் கொடுத்தே ஆகவேண்டிய இடத்தில் கதிர்வீச்சுக் காட்டிய பிறகே கொடுக்கிறார்கள்.

"ரத்த சொந்தம்" என்ற சொல்லை நாம் எவ்வளவு நம்புகிறோம்! இரத்த வங்கியில் அது எச்சரிக்கைக் குறிப்பு.

சரி, இந்த எண்ணம் அந்தப் பையன் தானாக உண்டாக்கியதில்லை. படித்த மனிதர்கள், என் தொழிலின் முன்னோர்கள், இதற்காக ஊர் ஊராக ஊசி குத்தியிருக்கிறார்கள்.

1901இல் வியன்னாவில் கார்ல் லாண்ட்ஸ்டைனர் தன் இரத்தத்தையும் கூட வேலை செய்தவர்களின் இரத்தத்தையும் ஒன்றோடொன்று கலந்து பார்த்துத்தான் வகைகளைக் கண்டுபிடித்தார். ஒரே ஆய்வுகூடத்து ஆட்களுக்குள்ளேயே வகை வேறுபட்டது. விஷயம் அங்கேயே முடிந்திருக்க வேண்டும். முடியவில்லை. முதலாம் உலகப் போரின் கடைசியில் கிரேக்கத்தின் சலோனிக்காவில் நேச நாட்டுப் படைகள் முகாமிட்டிருந்தபோது, லுட்விக் ஹிர்ஸ்ஃபெல்ட், ஹன்னா ஹிர்ஸ்ஃபெல்ட் என்ற மருத்துவத் தம்பதி அங்கிருந்த பதினாறு மக்கள் கூட்டங்களிலிருந்து சுமார் 8,000 பேரின் இரத்தத்தைச் சோதித்தார்கள். 1919இல் 'லான்செட்' இதழில் முடிவு வந்தது. மேற்கு ஐரோப்பாவில் ஏ வகை அதிகம், கிழக்கே வரவர பி வகை கூடுகிறது, இந்தியச் சிப்பாய்களிடம் பி மிக அதிகம். இதுவரை சரி. எண்ணியது எண்ணியபடி. அதற்கு மேல்தான் சறுக்கினார்கள். ஏ-க்கு ஒரு பிறப்பிடம், பி-க்கு இந்தியாவில் ஒரு பிறப்பிடம், ஆதியில் இரண்டு இனம் என்று ஊகித்து, ஏ–பி விகிதத்தை ஒரு எண்ணாக்கி, அந்த எண்ணை வைத்து உலகத்தை மூன்று கூடைகளில் போட்டார்கள். இந்தியர், வியட்நாம்காரர், செனகல்காரர் எல்லாம் ஒரே கூடை! கொழுந்தையும் முள்ளங்கியையும் ஒரே தராசில் போட்டு, எடை ஒன்றாக இருக்கிறது, அதனால் ஒரே செடி என்று சொன்ன மாதிரி.

இந்தக் கதைக்கு ஒரு கசப்பான பின்பகுதி உண்டு. 1935இல் நாஜி ஜெர்மனி "ஜெர்மானிய இரத்தத்தைப் பாதுகாக்கும்" சட்டம் கொண்டுவந்தது. பெயரில்தான் இரத்தம். ஒருவர் யூதரா என்று முடிவு செய்ய யாரும் ஒரு துளி இரத்தம் எடுக்கவில்லை. எடுத்தாலும் எந்த ஆய்வுகூடத்தாலும் சொல்லியிருக்க முடியாது. தாத்தா பாட்டி எந்த மதச் சமூகத்தைச் சேர்ந்தவர்கள் என்ற பதிவைத்தான் பார்த்தார்கள். யூதப் பிறப்பினரான ஹிர்ஸ்ஃபெல்டும் அந்தக் கணக்கில், போலந்தின் வார்சாவில் யூதர்களை அடைத்துவைத்த கெட்டோவுக்குள் அடைக்கப்பட்டார். உள்ளே இருந்தபடியே மருத்துவ மாணவர்களுக்குப் பாடம் எடுத்தார்.

அவருக்கு முந்தியவர்கள் இரத்தத்தை விட்டுவிட்டுத் தோலையும் எலும்பையும் பிடித்துக்கொண்டவர்கள். சுவீடனின் லின்னேயஸ் 1735இல் மனிதரை நான்காகப் பிரித்தார். 1758 பதிப்பில் குணத்தையும் சேர்த்தார்: ஐரோப்பியர் சட்டத்தால் ஆளப்படுகிறவர், ஆசியர் அபிப்பிராயத்தால், ஆப்பிரிக்கர் மனம்போன போக்கால். செடிகளைப் பிரிக்கப் பூவின் மகரந்தத் தாள்களை எண்ணிய அதே மனிதர்தான், குணத்தை எப்படி எண்ணினாரோ! ஜெர்மனியின் புளூமென்பாக் ஐந்தாக்கினார். ஜோர்ஜியாவிலிருந்து வந்த ஒரு பெண்ணின் மண்டையோடு அவருக்கு மிக அழகாகப் பட்டதால் 1795இல் வெள்ளையருக்கு "காக்கேசியர்" என்று பெயர் வைத்தார். அவரைப் பற்றி ஒரு நியாயம் சொல்ல வேண்டும். இந்த வகைகள் ஒன்றுக்குள் ஒன்று கரைகின்றன, நடுவில் கோடு போட முடியாது என்று அவரே எழுதினார். கோட்டை எடுத்துக்கொண்டவர்கள் அந்த வரியை விட்டுவிட்டார்கள். அமெரிக்காவில் மோர்ட்டன் என்ற மருத்துவர் மண்டையோடுகளில் முதலில் கடுகும் பிறகு ஈயக் குண்டும் நிரப்பிக் கொள்ளளவு பார்த்து, எந்த இனம் மேல், எது கீழ் என்று வரிசைப்படுத்தினார். சென்னையில் அருங்காட்சியகக் கண்காணிப்பாளர் தர்ஸ்டன் அளவுகோலும் கையுமாக நம் முன்னோர்களின் மூக்கு அகலத்தை அளந்துகொண்டிருந்தார்.

பகத் சிங் திண்டின் வழக்கை மட்டும் கொஞ்சம் நின்று பார்க்க வேண்டும். பஞ்சாபில் பிறந்து, முதலாம் உலகப் போரில் அமெரிக்கப் படையில் தலைப்பாகையோடு சேவை செய்தவர். அங்கே வந்து குடியேறியவர்களில் "சுதந்திரமான வெள்ளையருக்கும்" ஆப்பிரிக்க வம்சாவளியினருக்கும்தான் குடியுரிமை என்றிருந்தது. 1922 நவம்பரில் ஒசாவா என்ற ஜப்பானியரின் வழக்கில், தோல் வெளுத்திருந்தால் போதாது, வெள்ளையர் என்றால் காக்கேசியர் என்று உச்ச நீதிமன்றம் சொன்னது. திண்ட் அதையே பிடித்துக்கொண்டார். அறிஞர்களின் கணக்குப்படி வட இந்தியன் நான் காக்கேசியன் ஆயிற்றே? மூன்று மாதம் கழித்து, 1923 பெப்ரவரியில், அதே நீதிமன்றம் அறிவியலை ஓரமாக வைத்துவிட்டது. சாதாரண மனிதன் யாரை வெள்ளையர் என்கிறானோ அவரே வெள்ளையர், நீர் இல்லை.

எங்கள் ஊரில் இதை வாசிக்கிறவர்களுக்கு இது வேற்று நாட்டுக் கதையாகப் படாது. இலங்கையில் 1871 குடிசனக் கணக்கெடுப்பு 24 இனங்களை எழுதியது. 1881இல் அவை ஏழாகச் சுருங்கின. பத்தே வருடத்தில் பதினேழு இனம் எங்கே போயிருக்கும்? கட்டம்தான் போனது, ஆட்கள் இருந்த இடத்திலேயே இருந்தார்கள். 1911இல் "தமிழர்" என்ற ஒரே கட்டம் இலங்கைத் தமிழர், இந்தியத் தமிழர் என்று இரண்டானது. சிங்களவர்களையும் அன்று கரையோரத்தார், கண்டியர் என்று பிரித்துத்தான் எண்ணினார்கள். பிறகு அந்த இரண்டும் ஒன்றாயிற்று. நம்முடைய கட்டம் ஒன்றாகவில்லை. 1948ஆம் ஆண்டின் 18ஆம் இலக்கக் குடியுரிமைச் சட்டத்தில் சுமார் ஏழு லட்சம் பேர் நாடற்றவர்கள் ஆனார்கள். 1964இல் இலங்கை, இந்தியப் பிரதமர்கள் போட்ட சிறிமா–சாஸ்திரி ஒப்பந்தம் அவர்களை இத்தனை பேர் இந்தியாவுக்கு, இத்தனை பேர் இங்கே என்று பங்கு பிரித்தது. 2024 கணக்கெடுப்பில்தான் "மலையகத் தமிழர்" என்ற பெயரும் வந்து சேர்ந்தது.

என் வீட்டிலேயே ஒரு சாட்சி இருக்கிறது. அண்ணனின் பிறப்புச் சான்றிதழில் தந்தையின் இனம் "இந்தியத் தமிழர்". ஆறு வருடம் கழித்துப் பிறந்த என்னுடையதில் தந்தையின் இனம் "இலங்கைத் தமிழர்". அப்பா அதே அப்பாதான். அந்த ஆறு வருடத்தில் அவர் தோட்டத்தை விட்டுக்கூட எங்கும் போகவில்லை. பதிவாளர் மாறியிருக்கிறார், அவ்வளவே.

திருக்குறளில் சிற்றினம் சேராமை என்று ஓர் அதிகாரமே உண்டு. அங்கே இனம் என்றால் சேர்க்கை, கூடிப் பழகும் கூட்டம். பிறப்பு அல்ல. அந்தப் பழைய சொல்லின் மேல்தான் பிற்காலத்தில் இவ்வளவு பாரத்தை ஏற்றினோம்.

அறிவியல் பிறகு தன் தவறைத் திருத்தத்தான் செய்தது. அதுவும் பெரும்பகுதி இரத்தத்தை வைத்தே. 1972இல் ரிச்சர்ட் லெவொன்டின் என்ற அமெரிக்க மரபியலாளர், இரத்த வகைகள் உட்பட 17 மரபுக்கூறுகளின் உலகத் தரவுகளை எடுத்துக் கணக்குப் பார்த்தார். மனிதருக்குள் இருக்கும் வேறுபாட்டில் சுமார் 85 சதவீதம் ஒரே மக்கள் கூட்டத்துக்குள்ளேயே இருந்தது. இனம் என்று சொல்லப்பட்டவற்றுக்கு இடையில் ஆறு சதவீதம் அளவுதான். வித்தியாசமே இல்லையா என்றால், இருக்கிறது. நம் பக்கத்தில் பி வகை அதிகம், ஆர்.எச். நெகட்டிவ் குறைவு. ஆனால் அது படிப்படியாக மாறுகிற விஷயம், வேலி போட்ட மாதிரி நின்றுவிடுவதில்லை. பல வித்தியாசங்களுக்குப் பின்னால் வேறு காரணமும் இருக்கும். சிவப்பணுக்கள் அரிவாள் போல வளைந்துபோகும் அரிவாள் செல் சோகை ஆப்பிரிக்கர் நோய் என்று நம்பியிருந்தவர்கள், 1952இல் நீலகிரிப் பழங்குடியினரிடம் அந்தக் கூறைக் கண்டு திகைத்தார்கள். காரணம் இனமில்லை, மலேரியா. அந்தக் கூறு மலேரியாவிலிருந்து கொஞ்சம் காக்கும். மலேரியா இருந்த ஊர்களில்தான் அந்தக் கூறு நிலைத்தது.

ஜன்னலில் நின்ற பையனிடம் திரும்புகிறேன். அவன் அம்மாவுக்கு இரண்டு பை ஏற்றினோம், யார் கொடுத்ததென்று எனக்கும் தெரியாத இரத்தம். நாலாம் நாள் வீட்டுக்குப் போனார். வந்த ஆறு பேரும், வந்தது வந்துவிட்டோம் என்று இரத்தம் கொடுக்க நின்றார்கள். அதில் மூன்று பேரைத் திருப்பி அனுப்ப வேண்டியதாயிற்று. தானம் செய்ய ஹீமோகுளோபின் 12.5 வேண்டும், அவர்களுக்கு இல்லை. பையன் சிரித்துக்கொண்டே சொன்னான்: "நம்ம ஆளுங்களுக்கு எப்பவுமே ரத்தம் கம்மிதானே மிஸ்."

எனக்குத் தூக்கிவாரிப்போட்டது. மண்டையோட்டில் கடுகு நிரப்பியவர்கள் சொன்னதை நாங்களே எங்கள் வாயால் சொல்ல ஆரம்பித்துவிட்டோம்.

முன்பு வேலை செய்த ஓர் ஆஸ்பத்திரியில் ஆறு மாதக் கர்ப்பிணி ஒருவருக்கு ஹீமோகுளோபின் 7.2 வந்தது. கொழுந்து பறிக்கிறவர். வார்ட்டுக்குப் போன் பண்ணினேன். "எஸ்டேட் ஆக்களுக்கு அது நோர்மல்தானே" என்று எதிர்முனையில் பதில். சொன்னவர் கெட்டவர் இல்லை, களைத்திருந்தார். ஆனால் "அவர்கள் அப்படித்தான்" என்றதும் "ஏன்?" என்ற கேள்வி செத்துவிடுகிறது. நானும் யோக்கியமில்லை. 9.5 வந்தால் "தோட்டத்துக்கு இது பரவாயில்லை" என்று பல வருடம் மனதுக்குள் சொல்லிக்கொண்டவள்தான். அன்று இரத்தப் படலத்தை நுண்ணோக்கியில் பார்த்தேன். செல்கள் சிறுத்து வெளிறியிருந்தன, இரும்புச்சத்துக் குறைவு. மலத்தில் கொக்கிப்புழு முட்டை. புழு மாத்திரை, இரும்பு மாத்திரை. இரண்டு மாதத்தில் 10ஐத் தாண்டினார். இனம் மாறவில்லை, புழு போயிற்று.

இது பழைய பாடம்தான். அமெரிக்காவின் தெற்கில் ஏழை வெள்ளையர்களைப் பிறவிச் சோம்பேறிகள் என்று ஒதுக்கி வைத்திருந்தார்கள். 1902இல் ஸ்டைல்ஸ் என்பவர் அவர்கள் குடலில் கொக்கிப்புழுவைக் காட்டியதும் பத்திரிகைகள் "சோம்பேறிக் கிருமி" என்று தலைப்புப் போட்டன. பின்னர் ராக்ஃபெல்லர் நிதியத்தின் கொக்கிப்புழு ஒழிப்பு வேலை இலங்கைத் தோட்டங்களுக்கும் வந்தது.

2016 குடித்தொகை, சுகாதார ஆய்வில், வயதுக்கேற்ற உயரமில்லாத ஐந்து வயதுக்குட்பட்ட பிள்ளைகள் நாடு முழுக்க 17 சதவீதம், தோட்டங்களில் 32. இதைப் பார்த்து "அவர்கள் குள்ளமான இனம்" என்கிறவர்கள் இன்னும் இருக்கிறார்கள். ரொட்டியும் சம்பலும் சாயத் தேத்தண்ணீருமே காலைச் சாப்பாடாகவும் பகல் சாப்பாடாகவும் இருக்கிற வீட்டை அவர்கள் பார்த்ததில்லை.

ஹீமோகுளோபின் அளவை எதற்காகத் திருத்திப் பார்க்க வேண்டும் என்றும் சொல்லிவிடுகிறேன். கர்ப்பத்துக்கு, புகைப்பழக்கத்துக்கு, அப்புறம் இருக்கிற ஊரின் உயரத்துக்கு. நுவரெலியா 1,868 மீட்டரில் இருக்கிறது. காற்றில் ஒட்சிசன் குறைவதால் உடம்பு கூடுதலாக ஹீமோகுளோபின் செய்யும். அதனால் இங்கே எல்லைக்கோட்டைக் கொஞ்சம் உயர்த்த வேண்டும். கொழும்பில் 11 போதும் என்கிற கர்ப்பிணிக்கு, இந்த மலையில் 11 என்றால் குறைவுதான். நாம் நினைத்துக்கொண்டிருந்ததற்கு நேர் எதிர்.

இரும்பு மாத்திரையைத் தேத்தண்ணீரோடு விழுங்காதீர்கள். தேயிலைச் சாயம் இரும்பைப் பிடித்து வைத்துக்கொள்ளும். சாப்பாட்டுக்கும் தேத்தண்ணீருக்கும் ஒரு மணி நேரமாவது இடைவெளி விடுங்கள். தேசிக்காய்ச் சாறோ கொய்யாவோ சேர்ந்தால் நல்லது. மலைக்குக் கொழுந்து பறிக்கப் போகும்போது காலில் எதையாவது போட்டுக்கொள்ளுங்கள், கொக்கிப்புழு வெறுங்காலின் தோல் வழியாக ஏறும். மாத்திரை போட்டும் ஏறாவிட்டால், பெற்றோரிடமிருந்து வருகிற இரத்தக் குறைபாடான தலசீமியாவின் கூறு இருக்கிறதா என்று பார்க்கச் சொல்லிக் கேளுங்கள், கல்யாணத்துக்கு முன்பென்றால் இன்னும் நல்லது.

இரத்தப் பரிசோதனை ரிப்போர்ட்டின் ஓரத்தில் சாதாரண அளவு என்று ஒரு வரிசை அச்சிட்டிருக்கும். ஆணுக்கு இவ்வளவு, பெண்ணுக்கு இவ்வளவு. யாராவது "உங்க ஆக்களுக்கு இது நோர்மல்" என்று சொன்னால், அந்த வரிசையில் விரலை வைத்து, இதில் எங்களுக்கென்று தனியாக எங்கே போட்டிருக்கிறது என்று கேளுங்கள். டொக்டரிடம் கேட்கத் தயக்கமாக இருந்தால் ரிப்போர்ட்டை எடுத்துக்கொண்டு ஆய்வுகூட ஜன்னலுக்கு வாருங்கள். பகல் சாப்பாட்டு நேரம் தவிர ஆள் இருப்போம்.