கள்ளப்போதகரா, தவறான போதகரா?

போன மாதம் ஒரு கூட்டத்தில் உட்கார்ந்திருந்தேன். பிரசங்கியார் ஆங்கிலத்தில் பேச, பக்கத்தில் நின்ற தம்பி ஒருவர் தமிழில் சொல்லிக்கொண்டிருந்தார். பேதுருவின் இரண்டாம் நிருபம், இரண்டாம் அதிகாரம். ‘ஃபால்ஸ் டீச்சர்ஸ்’ என்று அவர் சொல்லும்போதெல்லாம் இவர் ‘தவறான போதகர்கள்’ என்றார். ஒரு மணி நேரத்தில் குறைந்தது இருபது தடவை. எனக்கு முன் வரிசையில் ஓர் அம்மா மடியில் வேதாகமத்தைத் திறந்து, விரலை அந்த வசனத்தின்மேலேயே வைத்திருந்தார். விரலுக்குக் கீழே இருந்த சொல் ‘கள்ளப்போதகர்கள்’. காதில் விழுந்த சொல் வேறு. கூட்டம் முடிந்ததும் திரும்பிப் பார்த்துக் கேட்டார்: “ஏன் தம்பி, தெரியாம தப்பாச் சொல்லிட்டவங்களையா இவ்வளவு கடுமையாத் திட்டியிருக்கு?”

அவர் கேட்டதில் பிழை இல்லை. காதில் விழுந்த தமிழை அப்படித்தான் புரிந்துகொள்ள முடியும். பிழை மொழிபெயர்ப்பில் இருக்கிறது. இந்தச் சொல்லாட்சியை இப்போது பாடப்புத்தகங்களிலும் காணொளித் தலைப்புகளிலும் பார்க்கிறேன். அதனால்தான் எழுதுகிறேன்.

முதலில் மூலச்சொல். கிரேக்கத்தில் ‘ஸ்யூடோடிடாஸ்கலோஸ்’. புதிய ஏற்பாட்டில் ஒரே ஒரு இடத்தில்தான் வருகிறது, 2 பேதுரு 2:1-இல். ‘ஸ்யூடோஸ்’ என்றால் பொய்; ‘டிடாஸ்கலோஸ்’ என்றால் கற்பிக்கிறவர். இதே முன்னொட்டோடு கள்ளத்தீர்க்கதரிசி, கள்ளக்கிறிஸ்து, கள்ள அப்போஸ்தலர், கள்ளச்சகோதரர் என்று ஒரு குடும்பமே உண்டு. ஆங்கிலத்தின் ‘ஃபால்ஸ்’ லத்தீனிலிருந்து வந்தது. ஏமாற்றுதல் என்று பொருள்படும் வினை அதன் வேர். சரி, வரலாறு இவ்வளவு போதும்.

சிக்கல் அந்த ஆங்கிலச் சொல்லில் தொடங்குகிறது. அதற்குப் பள்ளிக்கூடத்தில் நாம் படித்த பொருள் ஒன்று இருக்கிறது: வினாத்தாளில் வரும் ‘சரியா, தவறா?’ என்ற கேள்வியில் உள்ள ‘தவறு’. மேடையில் நிற்கும் மொழிபெயர்ப்பாளருக்கு யோசிக்க நேரமில்லை, அந்தப் பொருள்தான் முதலில் நாவில் வருகிறது. மேடையில் நிற்பவரை நான் அதிகம் குறை சொல்ல மாட்டேன். மேசையில் உட்கார்ந்து, அகராதியும் வேதாகமமும் பக்கத்தில் வைத்துக்கொண்டு எழுதுகிறவரும் அதையே எழுதுவதைத்தான் பொறுக்க முடியவில்லை.

தமிழில் ‘தவறான’ என்பதை ஓர் ஆளுக்கு முன்னால் போட்டால் என்ன ஆகிறது? ‘தவறான எண்’ என்றால் நாம் அழைக்க நினைத்த எண் அல்ல, வேறு யாருடையதோ. ‘தவறான வீடு’ என்றால் தேடிப் போன வீடு அல்ல. அந்த வீட்டின்மேல் ஒரு குற்றமும் இல்லை, தவறு நம்முடையது. ‘தவறான போதகர்’ என்பதும் அப்படித்தான் காதில் விழுகிறது: யாரோ ஒருவரிடம் போக வேண்டியவர்கள் வேறொருவரிடம் போய்விட்டார்கள், அவ்வளவுதான். அல்லது அந்த அம்மா புரிந்துகொண்டதுபோல, தெரியாமல் பிழையாகப் போதித்துவிட்டவர். இரண்டில் எதை எடுத்தாலும் பேதுரு சொன்னது காணாமல் போகிறது. ‘வேதப்புரட்டுகளைத் தந்திரமாய் நுழையப்பண்ணி’ என்று அதே வசனம் சொல்கிறதே, தந்திரம் எங்கே போயிற்று?

தவறாகப் போதித்தவர் ஒருவர் வேதாகமத்திலேயே இருக்கிறார். அப்போஸ்தலர் 18-இல் வரும் அப்பொல்லோ. சாதுரியமாகப் பேசுகிறவர், வேதாகமங்களில் வல்லவர், ஆனால் யோவான் ஸ்நானன் கொடுத்த ஸ்நானம் மட்டும்தான் அவருக்குத் தெரியும். அவர் பேசியதைக் கேட்ட ஆக்கில்லாவும் அவர் மனைவி பிரிஸ்கில்லாளும் என்ன செய்தார்கள்? மேடையில் ஏறிக் கண்டிக்கவில்லை. அவரைச் சேர்த்துக்கொண்டு தேவனுடைய மார்க்கத்தை இன்னும் திட்டமாய் விளக்கிக் காட்டினார்கள். அவரும் கேட்டுக்கொண்டார். அவர் போதித்தது குறைவுள்ளது, அவரிடம் கள்ளம் இல்லை. ‘தவறான போதகர்’ என்ற ஒரே கூடைக்குள் அப்பொல்லோவையும், சபைக்குள் தந்திரமாய் நுழைகிறவனையும் சேர்த்துப் போட்டால், முன்னவருக்கு அநியாயம் செய்கிறோம், பின்னவனுக்குச் சலுகை கொடுக்கிறோம். “தவறு மனுஷனுக்குச் சகஜம்தானே” என்று அவனுக்காகப் பரிந்து பேசுவதற்கு வார்த்தையை நாமே எடுத்துக் கொடுக்கிறோம்.

‘கள்ளம்’ என்ற சொல்லை எடுத்துப் பாருங்கள். ‘கள்’ வேர், களவு, கள்வன், கள்ளம் எல்லாம் அதன் பிள்ளைகள். ‘பிறன்பொருளைக் கள்ளத்தால் கள்வேம் எனல்’ என்கிறார் வள்ளுவர். கள்வது எடுப்பது, கள்ளம் அதை எடுக்கும் விதம்: உடையவன் அறியாதபடி, வஞ்சனையாக. பேச்சு வழக்கிலும் இந்தப் பொருள் உயிரோடு இருக்கிறது. கணக்கைத் தப்பும் தவறுமாகப் போடுகிற சின்னப் பிள்ளையை ‘கள்ளமில்லாத பிள்ளை’ என்கிறோம். பத்துக்குப் பத்தும் தவறு, ஆனாலும் கள்ளமில்லை! தவறும் கள்ளமும் வேறுவேறு என்பது தமிழ் பேசுகிற எல்லோருக்கும் தெரிந்த விஷயம். மொழிபெயர்க்கும்போது மட்டும் ஏன் மறந்துபோகிறது?

இனி ‘போலிப் போதகர்’. இதை விரும்புகிறவர்கள் அதிகம். பொது மொழிபெயர்ப்பான திருவிவிலியமும் கள்ளத்தீர்க்கதரிசியைப் ‘போலி இறைவாக்கினர்’ என்றே சொல்கிறது. ‘தவறான’ என்பதைவிட இது எவ்வளவோ மேல், வேஷம் என்ற கருத்தாவது இருக்கிறது. ‘கள்ள’ என்றால் கொச்சையாக ஒலிக்கிறது, நாளிதழ்ச் செய்தி மாதிரி இருக்கிறது என்பவர்களின் கூச்சமும் எனக்குப் புரிகிறது. ஆனாலும் ஒப்புக்கொள்ள முடியவில்லை.

‘போலி மருத்துவர்’ என்றால் பட்டம் இல்லாமல் வைத்தியம் பார்க்கிறவர். ‘போலிச் சான்றிதழ்’ என்றால் உரிய அலுவலகம் கொடுக்காதது. ஆக ‘போலிப் போதகர்’ என்றதும் நம் மனம் எங்கே போகிறது? இவர் இறையியல் படித்தவரா, அபிஷேகம் பெற்றவரா, எந்தத் திருச்சபை அங்கீகரித்தது என்று போகிறது. படிக்காத ஊழியர்மேல் சந்தேகம் விழுகிறது, அங்கி போட்டவர் தப்பித்துக்கொள்கிறார். பவுல் மிலேத்துவில் எபேசு சபையின் மூப்பர்களை வரவழைத்துப் பேசியதை நினைத்துப் பாருங்கள். ‘உங்களிலும் சிலர் எழும்பி’ மாறுபாடானவைகளைப் போதிப்பார்கள் என்கிறார். யாரிடம்? முறையாக நியமிக்கப்பட்ட மூப்பர்களிடம், நேருக்கு நேர். நான்காம் நூற்றாண்டில் அலெக்சாந்திரியாவைக் கலக்கிய ஆரியுஸ் போலி அல்ல. அந்தத் திருச்சபையில் முறையாக அபிஷேகம் பெற்ற மூப்பர். அவருடைய போதனையை 325-இல் நிசேயாவில் கூடிய ஆயர்களின் சங்கம் கண்டித்தது.

ஆரியுஸ் ‘குமாரன்’ என்ற சொல்லை விட்டுவிடவில்லை. அதே சொல்லைச் சொன்னார், பாட்டிலும் எழுதினார். ஆனால் அந்தக் குமாரன் படைக்கப்பட்டவர், அவர் இல்லாதிருந்த ஒரு காலம் உண்டு என்பது அவருடைய போதனை. இங்கேதான் நம் இலக்கணம் நினைவுக்கு வருகிறது. இலக்கணத்தில் போலி என்றால் எழுத்து மாறும், பொருள் மாறாது. அறம் அறன் ஆனாலும் அறமே, பந்தல் பந்தர் ஆனாலும் அதே நிழல்தான். கள்ளப்போதகரிடம் இது தலைகீழ். எழுத்து மாறாது. கிருபை என்பார், விசுவாசம் என்பார், சிலுவை என்பார், எல்லாம் நாம் சொல்கிற அதே சொற்கள். பொருள் மட்டும் மாறிவிட்டிருக்கும். இவரைப் போய்ப் ‘போலி’ என்றால் இலக்கணப்படியும் பொருந்தவில்லை.

இன்னும் கிட்டத்தில் பார்க்க வேண்டுமானால் ஒரு சாவியை எடுத்துக்கொள்ளுங்கள். போலிச்சாவி என்று யாராவது சொன்னால், பார்வைக்குச் சாவி, பூட்டில் போட்டால் திறக்காது என்று நினைப்போம். கள்ளச்சாவி திறக்கும். அசல் சாவியின் ஒவ்வொரு பல்லையும் அளந்து அறுத்தது அது. பூட்டுக்கு வித்தியாசமே தெரியாது. அதனால்தான் அது ஆபத்து. ‘வாசல்வழியாய்ப் பிரவேசியாமல், வேறுவழியாய் ஏறுகிறவன் கள்ளனும் கொள்ளைக்காரனுமாயிருக்கிறான்’ என்று யோவான் 10-இல் ஆண்டவர் சொன்னதும், கலாத்தியர் நிருபத்தில் ‘பக்கவழியாய் நுழைந்த கள்ளச்சகோதரர்’ என்று வருவதும் இதே படம்தான். ‘கள்ள’ என்ற சொல்லை எடுத்துவிட்டால் இந்த வசனங்களுக்குள் ஓடுகிற நூல் அறுந்துபோகும். 1871-இல் முழு வேதாகமமாக வெளிவந்த, நம் சபைகளில் பலரும் வாசிக்கிற பவர் குழுவின் மொழிபெயர்ப்பு இதில் எவ்வளவு கவனமாக இருக்கிறது பாருங்கள். மத்தேயு 19-இல் சாட்சியைப்பற்றி வரும்போது அதே கிரேக்க முன்னொட்டுக்குப் ‘பொய்ச்சாட்சி’ என்கிறது. அங்கே குற்றம் சொல்லில் இருக்கிறது. ஆள் வேஷம் போட்டு வருகிற இடங்களில் ‘கள்ள’ என்கிறது.

‘போதகர்’ என்ற பாதியிலும் ஒரு சறுக்கல் நடந்திருக்கிறது. இப்போது போதகர் என்றால் பாஸ்டர், அது ஒரு பதவியின் பெயர். மூலத்தில் அது வேலையின் பெயர். ‘உங்களில் அநேகர் போதகராகாதிருப்பீர்களாக’ என்று யாக்கோபு எழுதும்போது கற்பிக்கிற எல்லோரையும்தான் சொல்கிறார். வீட்டு ஜெபக்கூட்டத்தில் பத்துப் பேருக்குப் பாடம் எடுப்பவர், கைப்பேசியில் தினமும் பேசுபவர், பாட்டு எழுதுபவர், எல்லோரும் இதற்குள் வருவார்கள்.

வேறு சொற்களும் இப்படித் தேய்கின்றன. ‘ஆரோக்கியமான உபதேசம்’ என்று பவுல் தீமோத்தேயுவுக்கு எழுதினார். கிரேக்கத்தில் அது உடல்நலத்துக்கான சொல். இப்போது அதைச் ‘சரியான கோட்பாடு’ என்கிறார்கள். நோயும் சுகமும் போய், வினாத்தாள் மறுபடியும் வந்துவிட்டது. ‘செவித்தினவு’ என்ற அருமையான சொல்லை ‘கேட்க விரும்புவதைக் கேட்பவர்கள்’ என்று நீட்டுகிறார்கள். தினவு எடுத்த இடத்தைச் சொறிந்தால் சுகமாக இருக்கும், சொறியச் சொறியப் புண்ணாகும். இவ்வளவையும் ஒரு சொல்லில் வைத்திருந்தோம்.

சொல் சரியாக இருந்தால், எப்படி அடையாளம் காண்பது என்பதும் அதிலிருந்தே புரியும். கள்ளம் என்றால் மறைவு, ஆகவே வெளிச்சத்தில் வைத்துப் பார்க்க வேண்டும். பெரோயா பட்டணத்தார் பவுல் சொன்னதைக்கூடத் தினந்தோறும் வேதவாக்கியங்களோடு ஒப்பிட்டுப் பார்த்தார்கள். அற்புதம் நடப்பது சோதனை அல்ல என்று உபாகமம் 13 சொல்கிறது. சொன்ன அடையாளம் நடந்தாலும், வேறு தேவர்களிடம் அழைத்தால் கேட்காதே. ஆதித் திருச்சபையின் கையேடான டிடாக்கே இன்னும் நேரடியாகப் பேசுகிறது: பயணமாக வரும் அப்போஸ்தலர் மூன்று நாள் தங்கினால் அவர் கள்ளத்தீர்க்கதரிசி, பணம் கேட்டாலும் அப்படியே. ‘தவறான’ ஆளுக்கு இந்தச் சோதனை எதற்கு? அவருக்குப் பாடம் சொல்லிக் கொடுத்தால் போதுமே.

இதனாலேயே இந்தச் சொல்லைக் கண்டபடி வீசவும் கூடாது. ‘கள்ள’ என்பது உள்நோக்கத்தைக் குற்றம் சாட்டுகிற சொல். ஞானஸ்நான முறையிலோ கிறிஸ்துவின் இரண்டாம் வருகையின் காலவரிசையிலோ நம்மோடு ஒத்துப்போகாதவரை எல்லாம் கள்ளப்போதகர் என்று அழைப்பவர்களையும் தினமும் பார்க்கிறேன். அவர்களுக்குத் ‘தவறான’, ‘பிழையான’ என்ற சொற்கள் இருக்கின்றன. அவற்றை அங்கே பயன்படுத்தட்டும்.

அந்தக் கூட்டத்துக்குப் பிறகு, பெரியவர்களுக்கான ஒரு வேதபாடத்தின் மொழிபெயர்ப்பைத் திருத்தித் தரச் சொல்லி என்னிடம் கொடுத்தார்கள். ‘தவறான போதகர்’ ஒன்பது இடங்களில் வந்திருந்தது. ஏழு இடங்களில் அடித்துவிட்டுக் ‘கள்ளப்போதகர்’ என்று எழுதினேன். மீதி இரண்டும் அப்பொல்லோவைப்பற்றியவை. அங்கே ‘போதகர்’ என்று மட்டும் வைத்து, ‘அவர் போதித்ததில் குறைவு இருந்தது’ என்று மாற்றினேன்.