தொப்பூர் கணவாயில் பிரேக் எங்கே போகிறது?

தருமபுரிக்கும் சேலத்துக்கும் நடுவே இருக்கிற தொப்பூர் கணவாயில் லாரி மோதி விபத்து என்றால், மறுநாள் செய்தியில் "பிரேக் பிடிக்காததால் கட்டுப்பாட்டை இழந்த லாரி" என்று ஒரு வரி வந்துவிடும். தருமபுரியில் லாரிகளுக்கு பிரேக் வேலை பார்க்கிறவன் என்ற முறையில், அந்த வரியைப் பற்றி விரிவாகச் சொல்ல வேண்டும் என்று ரொம்ப நாளாக எண்ணம். அந்த இறக்கத்தில் மாட்டி, தப்பித்து வந்த வண்டிகளின் சக்கரத்தைக் கழற்றும்போது, உடைந்துபோன பாகத்தைவிட வெந்துபோன பாகத்தைத்தான் அதிகம் பார்க்கிறேன். டிரம், அதாவது சக்கரத்தோடு சேர்ந்து சுற்றுகிற இரும்பு உருளை, நீலம் பாரித்திருக்கும். அதன் உள்பக்கம் முழுக்க மயிரிழை வெடிப்புகள். டிரம்மை உள்ளிருந்து அழுத்திப் பிடிக்கிற லைனரின் மேல் தேய்த்துப் பளபளப்பாக்கியது போல ஒரு மினுமினுப்பு. அந்த பிரேக் திடீரென்று போகவில்லை. மேலே இருந்து கொஞ்சம் கொஞ்சமாகத் தீர்ந்துகொண்டே வந்திருக்கிறது.

மலைகளுக்கு நடுவே இயற்கை விட்டுவைத்த இடுக்கைத்தான் கணவாய் என்கிறோம். பாலக்காட்டுக் கணவாய் பல கிலோமீட்டர் அகலம், அதைக் கடப்பதே தெரியாது. தொப்பூர் அப்படியில்லை. முன்பு 7 என்றும் இப்போது 44 என்றும் எண்ணிட்ட தேசிய நெடுஞ்சாலை, சேலம் - பெங்களூரு ரயில் பாதை, தொப்பூர் ஆறு எல்லாம் அந்த ஒரே இடுக்கில்தான் நுழைந்து போகின்றன. 2021 நவம்பர் 12 அதிகாலை, கண்ணூர் - யஷ்வந்த்பூர் எக்ஸ்பிரஸ் தொப்பூருக்கும் சிவாடிக்கும் இடையில் தடம் புரண்டதே, அது மலையிலிருந்து சரிந்த பாறைகளால்தான். ரயிலுக்கே அந்த நிலை என்றால், தப்பு செய்த லாரி ஒதுங்குவதற்கு அங்கே எவ்வளவு இடம் இருக்கும் என்று யோசித்துப் பாருங்கள்.

ஸ்ரீநகரில் தொடங்கி கன்னியாகுமரியில் முடிகிற சாலை இது. வடமாநில டிரைவர் ஒருவர் கிருஷ்ணகிரி, தருமபுரி வரை மேட்டு நிலத்தில் நிம்மதியாக வருவார். பாளையம் டோல்கேட்டைத் தாண்டியதும் கட்டமேடு, இரட்டைப் பாலம் என்று சாலை வளைந்து இறங்கத் தொடங்கும். நல்ல அகலமான நான்கு வழிச்சாலை என்பதால் சரிவு கண்ணுக்குத் தெரியாது. மலைப்பாதை என்ற பயமே வராது. பெரிய ஆபத்து அதுதான் என்பேன்.

நான்கு அச்சு லாரிக்கு 2018-லிருந்து சட்டப்படி 36 டன் வரை அனுமதி. அந்த எடை 100 மீட்டர் உயரம் இறங்கினால், அந்த சக்தி முழுவதையும் பிரேக்கே தாங்குவதாக வைத்துக்கொண்டால், 100 லிட்டருக்கு மேல் தண்ணீரைக் கொதிக்க வைக்கும் அளவு வெப்பம் டிரம்களில் சேரும். டிரம் சூடாக ஆக விரிந்து லைனரை விட்டு விலகும். லைனரும் சூட்டில் பிடிப்பை இழக்கும். மிதியை எவ்வளவு அழுத்தினாலும் வண்டி நிற்காது. அரை மணி நேரம் ஆறவிட்டால் அதே பிரேக் ஓரளவு பிடிக்கவும் செய்யும். அதனால்தான் விபத்துக்குப் பிறகு சோதித்துப் பார்ப்பவர்கள் சில சமயம் குழம்பிப்போகிறார்கள்.

இப்போது நியூட்ரலுக்கு, அதாவது கியரை எடுத்துவிட்டு வண்டியைத் தானாக உருளவிட்டு இறங்குகிற பழக்கத்துக்கு வருகிறேன். "டீசல் மிச்சமாகுதுண்ணா" என்று எத்தனையோ டிரைவர்கள் என்னிடமே சொல்லியிருக்கிறார்கள். அவர்கள் அறியாமையில் மட்டும் அப்படிச் செய்வதில்லை. சில முதலாளிகள் கிலோமீட்டருக்கு இவ்வளவு டீசல் என்று கணக்குப் போட்டுக் கொடுக்கிறார்கள், மிச்சம் பிடித்தால் டிரைவருக்கு லாபம். ஆனால் நியூட்ரலில் போட்டதும் இன்ஜின் வண்டியைப் பிடித்து நிறுத்துகிற வேலையை விட்டுவிடுகிறது. புகைக்குழாயை அடைத்து இன்ஜின் வழியாக வேகத்தைக் குறைக்கிற எக்ஸாஸ்ட் பிரேக்கும் உதவாது. 36 டன்னும் டிரம் மேல் விழுகிறது. லாரி பிரேக் காற்றழுத்தத்தில் வேலை செய்வது. இன்ஜின் ஐடிலில் சும்மா ஓடுவதால் அந்தக் காற்றை நிரப்புகிற கம்ப்ரசரும் மெதுவாகத்தான் சுற்றும், காற்று நிரம்புவதற்கு நேரமாகும். பயத்தில் மிதியைத் திரும்பத் திரும்ப அடித்தால் டேங்கில் இருக்கிற காற்றும் இறங்கிவிடும். சரி, கியருக்கு மாற்றிக்கொள்ளலாம் என்றால், வேகம் பிடித்த பிறகு பல வண்டிகளில் கியர் விழாது. அத்தனை கதவும் ஒரே நேரத்தில் மூடிக்கொள்ளும்.

இத்தனைக்கும் மிச்சம் என்று நினைப்பதே தப்புக் கணக்கு. இப்போது வருகிற, கம்ப்யூட்டரே டீசலை அளந்து பாய்ச்சுகிற சிஆர்டிஐ இன்ஜின்களில், கியரில் வைத்து ஆக்சிலேட்டரை விட்டு இறங்கினால் டீசல் பாய்ச்சுவதையே இன்ஜின் நிறுத்திக்கொள்ளும். நியூட்ரலில்தான் ஐடிலில் ஓடுவதற்கு டீசல் குடிக்கும். உங்கள் மெக்கானிக்கிடமே கேட்டுப் பாருங்கள்.

செய்ய வேண்டியது எல்லாம் இறக்கம் தொடங்குவதற்கு முன்பே செய்ய வேண்டியது. டோல்கேட்டைத் தாண்டி, பாதுகாப்பான இடத்தில் ஓரம் கட்டி ஏர் மீட்டரைப் பாருங்கள். டிரம் பக்கத்தில் கையைக் கொண்டுபோய்ப் பாருங்கள், தொட வேண்டாம், அனல் தெரியும். ஏற்றத்தில் எந்த கியரில் ஏறுவீர்களோ அதே கியரில் இறங்குங்கள். லோடு வண்டிக்கு 30 கிலோமீட்டர் வேகம் போதும் என்றுதான் நான் சொல்வேன். மிதியில் காலை வைத்தபடியே இறங்காதீர்கள். வேகம் ஏறும்போது ஒரு அழுத்து, குறைந்ததும் விட்டுவிடுங்கள். சூடான டிரம்மில் தண்ணீர் ஊற்றுகிற பழக்கம் நிறைய பேருக்கு இருக்கிறது. தயவுசெய்து வேண்டாம், டிரம்மில் வெடிப்பு விழுந்துவிடும்.

மீறிப் பிடிக்காமல் போனால் இன்ஜினை மட்டும் அணைக்காதீர்கள். ஸ்டீயரிங் கல்லாகிவிடும், காற்றும் ஏறாது. கியரைக் குறைக்கப் பாருங்கள், ஹாரனை விடாமல் அடியுங்கள், ஹேண்ட் பிரேக்கைக் கொஞ்சம் கொஞ்சமாக இழுங்கள். வேறு வழியே இல்லையென்றால் மலைப்பக்கம் உரசி நிறுத்துங்கள். வண்டி போனால் இன்சூரன்ஸ் இருக்கிறது.

கார்க்காரர்களுக்கும் ஒன்று. 2024 ஜனவரியில் அங்கே நடந்த விபத்தின் கேமரா காட்சியை நிறைய பேர் பார்த்திருப்பீர்கள். இரண்டு லாரிகளுக்கு நடுவில் சிக்குகிற கார் தப்பிக்க முடியாது. இறங்குகிற லாரியை முந்திப் போய் அதன் முன்னால் பிரேக் போடாதீர்கள். குரங்குக்குப் பழம் போடுவதற்காகவோ போட்டோ எடுப்பதற்காகவோ அந்த இறக்கத்தில் வண்டியை நிறுத்தாதீர்கள். பின்னால் வரும் லாரியிலிருந்து புகையோ, கருகிய வாடையோ வந்தால் அதற்கு வழிவிட்டு விலகிப் போங்கள். பழுதாகி நிற்க வேண்டி வந்தால், ஆட்களை இறக்கித் தடுப்புக்கு அந்தப் பக்கம் கூட்டிப்போய்விட்டு நெடுஞ்சாலை உதவி எண் 1033-க்குக் கூப்பிடுங்கள்.

கடைசியாக லாரி முதலாளிகளிடம் ஒரு வேண்டுகோள். சேலம் பக்கம் போகிற டிரைவரிடம் டீசல் கணக்குப் பேசும்போது, தொப்பூர் இறக்கத்தை அந்தக் கணக்கிலிருந்து தனியாக எடுத்துவிடுங்கள். அங்கே எவ்வளவு டீசல் போனாலும், எவ்வளவு நேரமானாலும் கேட்க மாட்டேன் என்று வாயைத் திறந்தே சொல்லி அனுப்புங்கள். லைனர் மாற்ற வரும்போது லைனருக்கும் டிரம்முக்கும் நடுவே உள்ள இடைவெளியைச் சரிசெய்கிற ஸ்லாக் அட்ஜஸ்டரையும் சேர்த்துப் பார்க்கச் சொல்லுங்கள். அதற்குப் பெரிதாகச் செலவாகாது.